என் மனைவியின் படத்துக்கு எதிராக நான் கொடுத்த முறைப்பாடு

விதி 7: "படம் பிடிக்கப்படும் ஒவ்வொருவரிடமிருந்தும், படப்பிடிப்புத் தொடங்குவதற்கு முன்னரே, திகதியிட்டுக் கையொப்பமிட்ட சம்மதப் படிவம் பெறப்பட்டிருத்தல் வேண்டும்."

இதில் விளங்காமல் போக ஒன்றுமில்லை. முன்னரே என்றால் முன்னரே. மெல்பேர்ணின் நோபல் பார்க்கில் எங்கள் வீட்டிலிருந்து பத்து நிமிட நடையில் ஒரு சமூக நிலையம் இருக்கிறது. அங்கே வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர்களுக்கென்று ஒரு ஆவணப்பட வட்டம் நடக்கிறது. அந்த வட்டத்துக்கு இரண்டு பக்கத்தில் பதினான்கு விதிகள். சேர்ந்த அன்றைக்கே அவற்றை முழுதாக வாசித்தவன் நான் ஒருவன்தான். மற்றவர்கள் அந்தத் தாளைத் தேநீர்க் கோப்பைக்குக் கீழே வைத்துக்கொண்டார்கள்.

நான் இந்த நாட்டுக்கு வந்தபிறகு ஓய்வு பெறும்வரை ஓர் அரசாங்க அலுவலகத்தின் முறைப்பாட்டுப் பிரிவில் இருந்தவன். முறைப்பாடு எப்படி வரவேண்டும், எத்தனை நாளுக்குள் பதில் போகவேண்டும், எந்தச் சொல்லை எழுதினால் பிறகு வழக்காகும் என்பதெல்லாம் எனக்கு நித்திரையிலும் தெரியும். அதற்கு முதல், யாழ்ப்பாணத்தை விட்டு வெளிக்கிட்ட காலத்தில், சாம்பியாவில் ஆறு வருடம் கணிதம் படிப்பித்தேன். செப்புச் சுரங்கங்கள் உள்ள ஒரு நகரத்தில் அரசாங்கப் பாடசாலை. எங்கள் ஆட்கள் பலர் அந்த நாட்களில் அப்படிப் போனவர்கள்தான். ஆனால் நோபல் பார்க்கில், அந்த வட்டத்தில், ஆப்பிரிக்காவில் வாழ்ந்தவன் நான் ஒருவன் மட்டுமே.

அதனால் அந்த வருடத்துத் தலைப்பை அறிவித்தபோது எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது. அயலில் வாழும் ஆப்பிரிக்க மக்களின் பண்பாடும் அன்றாட வாழ்க்கையும். ஆளுக்கொரு பத்து நிமிடப் படம். தெரிவாகும் ஒரேயொரு படத்தை ஜூலையில் நகர மண்டபத்தில் எல்லோருக்கும் காட்டுவார்கள். அந்த மேடையில் ஏறப்போவது யார் என்பதில் எனக்கு ஐயமே இருக்கவில்லை.

என் மனைவி வட்டத்தில் சேர்ந்ததும் என்னால்தான். என்னோடு காரில் வந்தவள், வெளியே குளிர் என்று உள்ளே வந்தாள். உள்ளே வந்தவளிடம் பயிற்றுநர், எங்கள் மகளை விட வயது குறைந்த ஒரு பெண், ஒரு விண்ணப்பத்தை நீட்டினார். அதை நிரப்பியது நான். எங்கள் வீட்டில் எல்லாத் தாளையும் நிரப்புவது நான்தான். அவளுடைய ஓய்வூதியம், மருத்துவ அட்டை, கண் டொக்டருடைய நாள், எல்லாம். அவளுடைய மின்னஞ்சல் முகவரியை உருவாக்கியதும் நான், கடவுச்சொல் வைத்திருப்பதும் நான், வருவதை வாசித்து இன்னது வந்திருக்கிறது என்று சொல்வதும் நான். "எனக்கு ஆர் எழுதப் போறது, நீங்களே பாருங்கோ" என்பாள்.

எங்கள் வீட்டின் பின்வேலிக்கு அந்தப் பக்கம் தென்சூடானைச் சேர்ந்த ஒரு பெண்மணி இருக்கிறார். ஐம்பது வயதிருக்கும். முதியோர் இல்லமொன்றில் பராமரிப்பாளராக வேலை. நான்கு வருடமாக வேலிக்கு மேலால் கை காட்டியிருக்கிறோம், அவ்வளவுதான். என் படத்துக்கு அவரையே தெரிவு செய்தேன். ஒரு கடிதம் எழுதி அவருடைய தபால் பெட்டியில் போட்டேன். நாள் குறித்தோம். சம்மதப் படிவம் மூன்று பிரதி எடுத்துக்கொண்டு போனேன்.

சாம்பியாவில் மதிப்புக்குரியவர்களைக் கண்டால் இரண்டு கையையும் குவித்து மெல்லத் தட்டி, முழங்காலைச் சற்று மடிக்க வேண்டும். எனக்கு அது அந்த நாளிலேயே நன்றாக வந்தது. கதவு திறந்ததும் அதைச் செய்தேன். கையைத் தட்டினேன், முழங்காலை மடித்தேன். அந்தப் பெண்மணி எனக்குப் பின்னால் யாரும் நிற்கிறார்களா என்று எட்டிப் பார்த்தார். பிறகு, வேலையில் பழகிய பிடி போலும், என் முழங்கையை ஒரு கையாலும் இடுப்பை மற்றக் கையாலும் தாங்கி, "மெல்ல, மெல்ல, அவசரமில்லை" என்று சொல்லிக் கூட்டிக்கொண்டு போய்க் கதிரையில் இருத்தினார்.

"இது மரியாதை வணக்கம்," என்றேன். "ஆப்பிரிக்க முறை."

"எந்த ஊரில்?"

"சாம்பியாவில்."

"சாம்பியாவா? நான் அங்கே போனதே இல்லை. நீங்கள்தான் போயிருக்கிறீர்கள்."

யாராவது என்னிடம் வந்து "நீங்கள் தமிழ், அப்போ சென்னையா?" என்று கேட்டால் நான் அரை மணித்தியாலம் விளக்கம் கொடுப்பேன். அந்தப் பெண்மணி ஒரு வரியோடு விட்டார். அதற்குப் பிறகு என்னை ரீச்சர் என்று கூப்பிட்டார்.

படிவத்தில் கையொப்பம் வாங்கினேன். திகதி போடச் சொன்னேன். அதன்பிறகுதான் கமராப் பையின் சிப்பைத் திறந்தேன். விதி 7 எப்படிப் பின்பற்றப்பட வேண்டும் என்று யாருக்காவது காட்ட வேண்டுமென்றால் அந்தக் காலைப்பொழுதைக் காட்டலாம். அவரைச் சோபாவில், திரைச்சீலைக்கு முன்னால் இருத்தி, எழுதிவைத்த கேள்விகளைக் கேட்டேன்.

"உங்கள் பண்பாட்டில் குடும்பத்தின் இடம் என்ன?"

"முக்கியம்."

"மூத்தோர்?"

"மரியாதை கொடுப்போம்."

"பாரம்பரிய உணவு?"

"நல்லது."

பதினாறு கேள்விக்கும் இப்படித்தான். வீட்டுக்கு வந்து தொகுத்துப் பார்த்தபோது பத்து நிமிடத்தில் ஏழு நிமிடம் வரைபடங்களும் என் குரலும். குரல் நன்றாக அமைந்திருந்தது. அதில் எனக்கு இன்றைக்கும் சந்தேகமில்லை.

புறப்படும்போது அந்தப் பெண்மணி ஒரு தட்டில் நிலக்கடலை இனிப்புக் கொஞ்சம் தந்து விட்டிருந்தார். பிரச்சினை அந்தத் தட்டில் தொடங்கியது. என் மனைவிக்கு வெறும் தட்டைத் திருப்பிக் கொடுக்க ஏலாது. பயித்தம் பணியாரம் வைத்துக் கொண்டுபோய்க் கொடுத்தாள். அவர்கள் பக்கத்திலும் அதே வழக்கம் போல. அடுத்த நாள் தட்டு வேறொன்றோடு வந்தது. இவள் வடையோடு அனுப்பினாள். இரண்டு பேரும் விடமாட்டார்கள். அந்த ஒரு தட்டு இரண்டு கிழமைக்குள் எத்தனை முறை போய் வந்ததென்று எனக்குத் தெரியாது. ஒவ்வொரு முறையும் இவள் திரும்பி வர எடுக்கும் நேரம் கூடிக்கொண்டே போனது. பத்து நிமிடம், அரை மணித்தியாலம், பிறகு மத்தியானச் சாப்பாட்டை நானே சூடாக்கிச் சாப்பிடும் அளவுக்கு.

"என்ன கதைக்கிறனீங்கள் அவ்வளவு நேரம்?" என்று கேட்டேன்.

"ஒண்டுமில்லை. மனுசி நைட் வேலை முடிச்சு வந்து நித்திரை வராமல் சமைக்குது. நான் பாத்துக்கொண்டு நிக்கிறன்."

அப்படிப் பார்த்துக்கொண்டு நின்ற ஒரு நாளில்தான் கைத்தொலைபேசியைச் சீனிப் பேணியில் சாய்த்து வைத்துப் படம் எடுத்திருக்கிறாள். எனக்கு அதைச் சொன்னது இரண்டு நாள் கழித்து. "வட்டத்துக்கு ஏதாவது குடுக்கத்தானே வேணும்." உடனே நான் கேட்டது படிவம். இல்லை என்றாள். நானே ஒன்றை நிரப்பி, வேலிக்கு மேலால் நீட்டிக் கையொப்பம் வாங்கினேன். திகதி என்ற இடத்தில் அன்றைய திகதியைத்தான் போட்டேன். வேறு திகதி போட என் கை வளையாது. அந்தத் திகதி பிறகு எனக்கு உதவும் என்று அப்போது நான் நினைக்கவில்லை. இதை மட்டும் சத்தியமாகச் சொல்வேன்.

மே மாதத்தில் ஒரு பிற்பகல் எல்லோருடைய படங்களையும் போட்டுப் பார்த்தோம். பதினொரு பேர், இழுத்துவிட்ட திரைகள், மின்சாரக் கணப்பின் மணம். என் படத்துக்குக் கை தட்டினார்கள். பயிற்றுநர் "மிகவும் முழுமையானது" என்றார். அலுவலகத்தில் ஒருவருடைய முறைப்பாட்டை மறுக்கும்போது நான் எழுதிய முதல் வரி அது.

பிறகு என் மனைவியின் படம். சட்டகம் சரிந்திருந்தது. முதல் இரண்டு நிமிடம் அந்தப் பெண்மணிக்குத் தலையே இல்லை. குசினியின் புகை உறிஞ்சும் காற்றாடி இரைந்துகொண்டே இருந்தது. படம் தொடங்கும்போது இவளுடைய குரல் கேட்கிறது: "எடுக்கட்டுமா?" அதற்கு அவர்: "எடு, எடு. என் காலை மட்டும் காட்டாதே, செருப்புச் சரியில்லை."

அவர் கிஸ்ரா செய்கிறார். சோளமாவைக் கரைத்துப் புளிக்க வைத்து, சூடான தட்டில் ஊற்றி, மெல்லிய துணி மாதிரி இழுத்து எடுக்கிற ரொட்டி. இழுப்பதற்கு அவருடைய நாட்டில் ஓலைத் துண்டு பாவிப்பார்களாம். இங்கே அவரிடம் இருந்தது காலாவதியான பஸ் அட்டை. ஒரே இழுப்பு, தட்டு முழுவதும் மா பரவிவிட்டது. பிறகு இவள் முயற்சி செய்கிறாள். கிழிந்து போகிறது. "எங்கள் முதல் தோசையும் இப்படித்தான்," என்கிறாள். அடுத்ததும் கிழிகிறது. மூன்றாவதும். அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார். என் படத்தில் சோபாவில் இருந்து "முக்கியம்", "நல்லது" என்று சொன்ன அதே பெண்மணி, அடுப்பில் கை ஊன்றி, கண்ணீர் வரச் சிரிக்கிறார். வகுப்பும் சிரித்தது. நான் சிரிக்கவில்லை. பதினாறு கேள்வி கேட்டவனுக்குக் கிடைக்காதது ஒரு கேள்வியும் கேட்காதவளுக்குக் கிடைத்தால் எப்படிச் சிரிப்பது?

அதோடு முடிந்திருந்தால் நான் பொறுத்திருப்பேன். அந்தப் பெண்மணி மாவைக் கலக்கியபடி கேட்டார்: "நீயும் ஆப்பிரிக்காவில் இருந்தாய் என்று ரீச்சர் சொன்னார். எப்படி இருந்தது?"

இவள் ஆங்கிலம் பேசினால் சின்னச் சின்ன வாக்கியமாகத்தான் பேசுவாள். அப்படியே சொன்னாள். "முதல் நாலு மாதம் அழுதேன். அவர் பள்ளிக்கூடம் போனபிறகு அழுவேன். அவர் வருவதற்கு முன் முகம் கழுவுவேன். மகள் கைக்குழந்தை, இரவில் படுக்க விடமாட்டாள். பக்கத்து வீட்டுப் பெண் ஒருத்தி மதிலுக்கு மேலால் பார்த்தாள். ஒன்றும் கேட்கவில்லை. வந்து பிள்ளையை வாங்கி, தன் துணியால் முதுகில் கட்டிக்கொண்டு, போய்ப் படு என்று கையைக் காட்டினாள். அதற்குப் பிறகு தினமும் பத்து மணிக்கு வருவாள். என் மொழி அவளுக்குத் தெரியாது. அவளுடையது எனக்குத் தெரியாது. நான் ஒழுங்காக நித்திரை கொண்டது அந்த நேரத்தில்தான்."

"புருஷனுக்குத் தெரியாதா?"

"அவருக்குத் திருத்த நிறையப் பேப்பர் இருந்தது."

வகுப்பு முழுவதும் திரும்பி என்னைப் பார்த்துச் சிரித்தது. நட்பான சிரிப்புத்தான்.

நாற்பது வருடமாக எங்கள் ஆட்கள் கூடும் ஒவ்வொரு பிறந்தநாளிலும் கலியாணத்திலும் நான் சாம்பியாக் கதை சொல்லியிருக்கிறேன். "மனுசிக்கு அந்த இடம் வந்த உடனேயே ஒத்துக்கொண்டிட்டுது" என்பது அந்தக் கதையின் ஒரு நிரந்தர வரி. இவள் பக்கத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருப்பாள். அந்தக் கண்டத்தை எனக்குத் தெரியும் என்று நான் நம்பியிருந்தேன். அது தினமும் பத்து மணிக்கு என் வீட்டுக்குள் வந்து, என் பிள்ளையை முதுகில் கட்டிக்கொண்டு நின்றிருக்கிறது. அந்த நேரத்தில் நான் ஒரு கிலோமீற்றருக்கு அப்பால் பின்னக் கணக்குப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். எனக்குக் கைகாட்டி வாழ்த்துச் சொன்ன மாணவர்களும், பள்ளிக்கூட அதிபரும், நான் மனப்பாடம் செய்த வணக்கமும் திடீரென்று ஒரு வெளிநாட்டுக்காரனுக்குக் காட்டிய உபசாரமாகப் பட்டன. பெயர் தெரியாத அந்தச் சாம்பியாப் பெண்ணின் மீது பொறாமைப்பட்டேன். இதைக் கேட்கக் கொடுத்து வைத்த வேலிக்கு அந்தப்பக்கத்துப் பெண்ணின் மீது பொறாமைப்பட்டேன். இரண்டு பேரும் வாய்க்கப்பெற்ற என் மனைவியின் மீது பட்ட பொறாமை வேறு மாதிரி. அதற்கு இன்னும் சொல் தேடிக்கொண்டிருக்கிறேன்.

வாக்கெடுப்பில் முதலாம் தெரிவு அவளுடைய படம். எல்லாக் கைகளும் உயர்ந்தன. என் கையும்தான். உயர்த்தாவிட்டால் எல்லோரும் பார்த்திருப்பார்கள். இரண்டாம் தெரிவு என் படம்.

அன்று பின்னேரம் சிட்னியில் இருக்கும் மகளுக்குத் தொலைபேசி எடுத்தேன். "உன்னை ஒரு ஆப்பிரிக்க மனுசி முதுகில கட்டி வைச்சிருந்ததாம், தெரியுமோ?"

"ஓம் அப்பா, அம்மா சொல்லியிருக்கிறா. சோ ஸ்வீட், இல்லையா?"

அவளுக்கும் தெரிந்திருக்கிறது. தொலைபேசியை வைத்துவிட்டு மேசையில் இருந்து முறைப்பாட்டை எழுதினேன். விதி 7 மீறப்பட்டுள்ளது. ஆதாரம்: கோப்பில் உள்ள சம்மதப் படிவத்தின் திகதி, கைத்தொலைபேசிப் பதிவின் திகதிக்கு இரண்டு நாள் பிந்தியது. என் பெயரையும் கையொப்பத்தையும் இட்டேன். மொட்டைக் கடிதம் ஏற்கப்படாது, விதி 10. அந்த விதி 7க்கு ஓர் அடிக்குறிப்பும் உண்டு: படத்திலேயே பதிவான வாய்மொழிச் சம்மதம், பிறகு படிவத்தால் உறுதி செய்யப்பட்டால் போதுமானது. எழுதும்போது அது என் நினைவுக்கு வரவில்லை என்று சொல்ல விருப்பம்தான். ஆனால் வந்தது.

வட்டத்தின் செயலாளர் என்னைப் போலவே ஓய்வு பெற்ற ஒருவர். ஒழுங்கான ஆள், ஆனால் மெல்பேர்ண் குளிர் அவருக்கு ஆகாது. ஜூன் பிறந்ததும் கரவன் என்கிற இழுவை வீட்டைக் காரில் கொழுவிக்கொண்டு வடக்கே வெயிலுக்குப் போய்விடுவார், செப்டெம்பரில்தான் திரும்புவார். போவதற்கு முதல் நாள் அவர் தன் கடமையைச் செய்துவிட்டுப் போனார். முறைப்பாட்டின் பிரதியைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு அனுப்பி, பதினான்கு நாளுக்குள் பதில் கேட்டார்.

குற்றம் சாட்டப்பட்டவர் என் மனைவி. அவளுடைய மின்னஞ்சலைத் திறப்பவன் நான்.

வழக்கம்போல் காலைத் தேநீரோடு அவளுடைய பெட்டியைத் திறந்தேன். மருந்துக்கடை விளம்பரம், கோவில் திருவிழா அறிவித்தல், அதற்குக் கீழே என் முறைப்பாடு. என் பெயரோடு. எங்கள் அலுவலகத்தில் முறைப்பாடு கொடுத்தவரின் பெயரை மறைத்துத்தான் அனுப்புவோம். இந்தச் சின்ன வட்டத்துக்கு அந்த நாசூக்கெல்லாம் தெரியவில்லை. அழிக்கலாம் என்று ஒரு கணம் விரல் போனது. இன்னொருவருக்கு வந்த உத்தியோகபூர்வக் கடிதத்தை அழிப்பது என்னவென்று எனக்கு நன்றாகத் தெரியும். விரலை எடுத்தேன்.

முதலில் செய்தது, அவளுக்காகப் பதில் எழுதியதுதான். அடிக்குறிப்பைக் காட்டி, "எடு, எடு" என்ற வார்த்தைகள் எத்தனையாவது வினாடியில் வருகின்றன என்று குறித்து, முறைப்பாடு அடிப்படையற்றது என்று ஒன்றரைப் பக்கம். என் வாழ்நாளில் நான் எழுதிய மிகச் சிறந்த கடிதம் அது. என்னை நானே ஒரு இடமும் விடாமல் மடக்கியிருந்தேன். ஆனால் கையொப்பம் அவளுடையதாக இருக்க வேண்டும். மூன்று நாள் கடிதத்தைப் பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். நான்காம் நாள் குசினிக்குப் போனேன். அவள் மீன் செதிள் தட்டிக்கொண்டிருந்தாள்.

"உமக்கு ஒரு மெயில் வந்திருக்கு."

"நீங்களே பாருங்கோ."

"பாத்திட்டன். உம்மட படத்துக்கு எதிரா ஒரு முறைப்பாடு."

"ஆர் குடுத்தது?"

"நான்தான்."

இன்னும் இரண்டு முறை செதிள் தட்டினாள். "என்ன விதி?"

"ஏழு."

"பேர் போட்டுக் குடுத்தனீங்களோ?"

"ஓம். பேர் இல்லாட்டி எடுக்கமாட்டினம்."

"அது சரி. நீங்கள் எதையும் முறையாத்தானே செய்வியள்."

"உமக்கு மறுமொழியும் எழுதி வைச்சிருக்கிறன். கையெழுத்து மட்டும் போட்டாச் சரி. கட்டாயம் வெல்லும்."

அவள் கத்தியைக் கீழே வைத்தாள். "நீங்களே என்னில பிழை பிடிச்சு, நீங்களே எனக்காகக் கதைச்சு... தீர்ப்பையும் நீங்களே எழுதுங்கோவன். எனக்கென்ன அதில வேலை?"

"சாம்பியாவில அழுதது எனக்கேன் சொல்லேல்லை?"

"சொன்னனான். நீங்கள் டொக்டரிட்டைக் கூட்டிக்கொண்டு போய் விற்றமின் குளிசை வாங்கித் தந்தனீங்கள்."

குளிசைப் போத்தல் எனக்கு ஞாபகம் இருந்தது. மண்ணிறப் போத்தல், வெள்ளை மூடி. அவள் சொன்னது ஞாபகத்தில் இல்லை.

கையொப்பம் போடவில்லை. கை கழுவிவிட்டுப் பின்கதவால் போனாள். வேலிக்கு அந்தப் பக்கம் இரண்டு குரல் கேட்டது. பிறகு இரண்டு பேரும் சிரித்தார்கள். திட்டியிருந்தால் நான் காது கொடுத்துக் கேட்டிருப்பேன். அந்தச் சிரிப்புக்கு நான் கதவைச் சாத்தினேன்.

அடுத்த கிழமை குப்பைத் தொட்டியைத் தெருவுக்கு உருட்டும்போது அந்தப் பெண்மணி எதிர்ப்பட்டார்.

"ரீச்சர், என் சம்மதத்தைப் பற்றி மிகவும் கவலைப்பட்டீர்களாம். நன்றி. ஒன்று சொல்லட்டுமா? உங்கள் படிவத்தில் ஏன் கையொப்பம் போட்டேன் தெரியுமா?"

"ஏன்?"

"நைட் முடிந்து வந்திருந்தேன். கையொப்பம் வைத்தால் போய்விடுவீர்கள் என்று நினைத்தேன். அதற்குப் பிறகுதான் நீங்கள் கமராவை எடுத்தீர்கள்."

முறைப்பாட்டை மீளப்பெற விண்ணப்பித்தேன். அதற்கும் செயலாளரின் அனுமதி வேண்டும், விதி 12. அவரிடமிருந்து வந்தது தன்னியக்கப் பதில்: விடுமுறையில் இருக்கிறேன், இணைய வசதி அரிது. மறுபடி எழுதினேன். மறுபடி அதே பதில். பதினான்கு நாளும் போனது. விதி 11: விசாரணை முடியாத படம் பொதுவில் திரையிடப்படலாகாது, இரண்டாம் தெரிவு அதன் இடத்தைப் பெறும்.

பயிற்றுநர் தொலைபேசியில் கூப்பிட்டு, "அப்போ... உங்களுடையதுதான்" என்றார். வாழ்த்துச் சொல்வதா என்று அவருக்குத் தெரியவில்லை. நான் என் படத்தை விலக்கியிருக்கலாம். அதற்கும் படிவம் உண்டு, என் மேசையில் அது இருந்தது. நான் விலக்கவில்லை. மனைவியிடம் கேட்டபோது "காட்டட்டும். வெட்டி ஒட்ட எவ்வளவு மினைக்கெட்டனீங்கள்" என்றாள். அதை நான் அனுமதி என்று எடுத்துக்கொண்டேன்.

ஜூலையில் நகர மண்டபம் நிறைந்திருந்தது. அரைவாசிப் பேர் தென்சூடான், சோமாலியா, எதியோப்பியா என்று வந்தவர்கள். மனைவி சேலைக்கு மேல் குளிர் அங்கி போட்டிருந்தாள். அவளுக்குப் பக்கத்தில் அந்தப் பெண்மணி, நீல உடையும் தலைத்துணியுமாக. இரண்டு பேருக்கும் அந்தப் பக்கத்தில் நான். பயிற்றுநர் மேடையில் ஏறி, முதலாவதாகத் தெரிவான படம் நிர்வாகக் காரணங்களால் காட்டப்படவில்லை என்று அறிவித்தார். முன்வரிசையில் ஒரு பெண் திரும்பி, "கிஸ்ராப் படம் எங்கே?" என்று கேட்டார். செய்தி எப்படியோ பரவியிருந்தது.

"ரீச்சரிடம் கேள்," என்றார் பக்கத்து வீட்டுப் பெண்மணி. கோபமாகச் சொல்லவில்லை.

என் படம் ஓடியது. வரைபடம் வந்தது. என் குரல் மண்டபத்தை நிறைத்தது. மூன்றாம் நிமிடத்தில் பின்வரிசையில் கதை தொடங்கியது. சோபாவில் இருந்த பெண்மணி திரையில் "முக்கியம்" என்றபோது, கதிரையில் இருந்த அதே பெண்மணி தன் கைவிரல் மோதிரத்தைச் சுழற்றிக்கொண்டிருந்தார். முடிந்ததும் கை தட்டினார்கள். வயதான ஒருவர் வந்து என் கையைப் பிடித்து, "நல்ல குரல். வானொலியில் வேலை செய்தீர்களா?" என்று கேட்டார். நான் ஆசைப்பட்ட மேடையில் நின்றேன், படமெடுத்தார்கள். கீழே என் மனைவியைச் சுற்றி ஏழெட்டுப் பெண்கள் கூடி நின்று, மா எத்தனை நாள் புளிக்க வைத்தாய் என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தக் கூட்டத்தைப் பார்த்துக்கொண்டே புகைப்படத்துக்குச் சிரித்தேன்.

காரில் அவள் சொன்னது ஒரு வசனம். "குரல் நல்லாத் தெளிவா விழுந்திருக்கு."

அதற்குப் பிறகு ஒரு நாள் காலையில் அவளுடைய மின்னஞ்சலைத் திறக்கப் போனேன். கடவுச்சொல் பிழை என்றது. மூன்று முறை அடித்துப் பார்த்தேன்.

"மாத்தீட்டன்," என்றாள். "நாங்கள் ரெண்டு பேருமா இருந்து மாத்தினது. கஷ்டமில்லை."

"ஏதும் முக்கியமா வந்தால்?"

"எனக்கு வாசிக்கத் தெரியும்தானே."

ஓய்வூதியக் கடிதங்களையும் இப்போது அவளே பார்க்கிறாள். ஒன்றும் பிழையாகவில்லை. ஒரு பிற்பகல் சாப்பாட்டு மேசையில் இருந்து காதில் இயர்போன் மாட்டிக்கொண்டு தன் படத்தை மறுபடி பார்த்துக்கொண்டிருந்தாள். எனக்கு அதை வகுப்பில் ஒரு முறை பார்த்ததுதான். அந்தப் பத்து மணிக் கதையை இன்னொரு முறை கேட்க வேண்டும் போல் இருந்தது.

"நானும் பாக்கலாமோ?"

"விசாரணையில இருக்கிற படமெல்லோ. பாக்கலாமோ தெரியேல்லை. விதியைப் பாருங்கோ."

உண்மையாகவே போய்ப் பார்த்தேன். பொதுவில் காட்டக் கூடாது என்றுதான் இருந்தது, வீட்டில் பார்ப்பதற்குத் தடையில்லை. அதைச் சொல்லத் திரும்பி வந்தேன். கதிரை வெறுமையாக இருந்தது. பின்கதவு திறந்திருந்தது.

செயலாளர் இழுவை வீட்டோடு திரும்பி வந்து, மூன்று மாதத் தபாலை ஒழுங்குபடுத்தி, கடைசியில் எங்கள் விடயத்துக்கு வந்தார். நான்கு வரி. அடிக்குறிப்பின்படி முறைப்பாடு நிராகரிக்கப்படுகிறது. படத்துக்கு இனித் தடையில்லை. மீளப்பெறும் விண்ணப்பம் இனித் தேவையற்றது. தாமதத்துக்கு வருந்துகிறேன். அதற்குக் கீழே, பிரதி: என் மனைவியின் முகவரி. அவள் அதைத் திறந்துவிட்டாளா என்று பார்க்க எனக்கு வழியில்லை. பின்னேரம் வந்தாள். கிஸ்ரா கொண்டுவந்தாள், கிழியாமல் நாலு. மேசையில் எனக்கு எதிரே இருந்து சாப்பிட்டாள். கடிதத்தைப் பார்த்தாளா என்று கேட்க வாயெடுத்து, இன்னொரு கிஸ்ராவை எடுத்தேன். சாப்பிட்டு முடிய என் முறைப்பாட்டுக் கோப்பை எடுத்து, பதில் வந்த திகதிக்குரிய இடத்தில் எழுதினேன். பதில் கிடைத்தது: செப்டெம்பர் 19, வெள்ளிக்கிழமை.